ஆண்டகையின் செத்துப்போன தங்கை

தான் நாலு வயதிலேயே செத்துப்போன விஷயம் பல்லக்காவுக்கு ஒரு செவ்வாய்க்கிழமை காலையில்தான் தெரியவந்தது. கடைக்குப் போய் வெங்காயமும் ஒரு பை பிளாஸ்டர் மாவும் வாங்கிக்கொண்டு திரும்பினாள். வீட்டு வாசலை அடைத்துக்கொண்டு ஒரு கூட்டம் நின்றது. எல்லார் தலையிலும் ஊதாத் தொப்பி, எல்லார் காதிலும் ஒயர். மழையும் இல்லாமல் வெயிலும் இல்லாமல் இருந்த அந்தக் காலையில் ஊதாக் குடை ஒன்றை விரித்துப் பிடித்தபடி ஒரு பெண் மைக்கில் பேசிக்கொண்டிருந்தாள்.

"இதோ, இந்த வீட்டில்தான், இந்தச் சுவர்களுக்கு நடுவில்தான், நம் பேராயர் ஆண்டகையின் ஒரே தங்கை, நாலே வயதில், அண்ணன் மடியில் தலைசாய்த்தபடி உயிர் துறந்தாள். அந்தக் கண்ணீர்தான் ஒரு சிறுவனைத் துறவியாக்கியது. இப்போது எல்லோரும் ஒரு நிமிடம் அமைதியாக அழலாம்."

கூட்டம் சொன்னபடி அழுதது. பல்லக்காவும் முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். யார் பெற்ற பிள்ளையோ, பாவம் என்று நினைத்தாள். பேராயர் என்றால் தன் அண்ணன், அண்ணனுக்கு இருந்த ஒரே தங்கை தான்தான் என்பது கொஞ்சம் பிந்தித்தான் உறைத்தது.

"கொஞ்சம் வழி விடுங்க. வீட்டுக்குள்ள போகணும்."

குடைக்காரி மைக்கைக் கையால் பொத்திக்கொண்டாள். "அம்மா, வரிசையில வாங்க. உள்ள போறதுக்கு முழுப்பாதைச் சீட்டு வேணும். உங்ககிட்ட என்ன சீட்டு இருக்கு?"

"என்கிட்ட சாவி இருக்கு."

"ஓ, வேலைக்கு வர்றவங்களா? அப்ப பின்பக்கமா போயிடுங்க. முன்பக்கம் துக்கத்துக்கு."

பல்லக்கா வெங்காயத்தையும் மாவையும் தூக்கிக்கொண்டு பின்பக்கமாகத் தன் வீட்டுக்குள் போனாள்.

பல்லக்கா என்பது தெரு வைத்த பெயர். பின் அறையில் உட்கார்ந்து பல் செட் செய்வது அவள் தொழில். பல் டாக்டர்கள் அச்செடுத்து அனுப்புவார்கள். அவள் மெழுகில் பல் அடுக்கி, வார்த்து, வேகவைத்து, தேய்த்து, மெருகேற்றிக் கொடுப்பாள். அந்த ஊரில் ஐம்பது தாண்டியவர்களில் பாதிப் பேர் அவள் தயவில்தான் சிரித்துக்கொண்டிருந்தார்கள். அவளுடைய அண்ணன் அந்த ஊரின் பேராயராக இருந்து, போன வருடம் காலமானார். அண்ணனின் பெயரைச் சொல்லி அவள் எங்கும் ஒரு சலுகை கேட்டதில்லை. கேட்டிருந்தாலும் கிடைத்திருக்காது. அவர்கள் இருவருக்கும் நடுவில் பேச்சுவார்த்தை நின்று முப்பது வருடத்துக்கு மேலாகியிருந்தது.

பேராயர் கண்ணை மூடிய சூட்டோடு மறைமாவட்டம் 'பேராயர் பாதை ஆணையம்' என்று ஒன்றை அமைத்தது. அவருக்குப் புனிதர் பட்டம் வாங்கித் தருவதும், அதுவரைக்கும் அவர் நடந்த தெருக்களில் மக்களை நடத்திக் காட்டுவதும் ஆணையத்தின் நோக்கங்கள். முதல் நோக்கத்துக்கு ஒரு மேசை போட்டிருந்தார்கள். இரண்டாவதுக்கு ஏசி பஸ்கள் வாங்கினார்கள்.

வீட்டில் இருந்த டிரைவர், அதாவது பல்லக்காவின் கணவர், ஜன்னல் வழியாகக் கூட்டத்தைப் பார்த்துக் கையசைத்துக்கொண்டிருந்தார். பஸ் ஓட்டி ஓய்வு பெற்றவர். ஜனக்கூட்டத்தைக் கண்டால் அவருக்கு உற்சாகம்.

"என்னங்க, நான் செத்துட்டேனாம்."

"கேட்டேன். நல்லா பேசறா அந்தப் பொண்ணு. எனக்கே அழுகை வந்துடுச்சு."

"நீங்க போய் ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா?"

"பத்துப் பேர் அழுதுட்டு நிக்கற எடத்துல போய், 'அதெல்லாம் ஒண்ணுமில்ல, அவ உள்ள வெங்காயம் நறுக்கிட்டிருக்கா'ன்னு எப்படிச் சொல்றது? நீயே ஒரு தடவை அந்த டூர்ல போய்ப் பாரேன். என்னதான் சொல்றாங்கன்னு தெரியட்டும்."

எதிர்வீட்டுக் கடைக்காரருக்குப் பல்லக்கா யார் தங்கை என்பது நன்றாகத் தெரியும். நேற்றுவரை சோப்பும் தீப்பெட்டியும் விற்றவர், இன்று கடை முழுக்க மெழுகுவர்த்தியும் பொம்மையுமாக அடுக்கிவைத்திருந்தார். உண்மையைச் சொல்லக் கூடாதா என்று பல்லக்கா போய்க் கேட்டதும் குரலைத் தாழ்த்தினார். "அக்கா, தப்பா நெனைக்காதீங்க. சின்னப் புள்ள செத்த தெருங்கறதாலதான் பஸ் இங்க நிக்குது. நீங்க கொஞ்ச நாள் வெளிய அதிகம் வராம இருந்தீங்கன்னா தெருவுக்கே நல்லது."

மறுநாள் பல்லக்கா ஊதாத் தொப்பி மாட்டிக்கொண்டு அண்ணனின் வாழ்க்கையைப் பார்க்கக் கிளம்பினாள்.

முதல் நிறுத்தம் ஒரு தெருக்குழாய். சிறுவயதில் ஆண்டகை அதில் தண்ணீர் குடித்தாராம். மரியாதையின் பொருட்டு இப்போது அதில் தண்ணீர் வருவதை நிறுத்திப் பூட்டுப் போட்டிருந்தார்கள். அந்தத் தெருப் பெண்கள் குடத்தோடு அடுத்த தெருவுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். அவர்களையும் குடைக்காரி விட்டுவைக்கவில்லை. "பாருங்கள், ஆண்டகையின் தாகத்தை இன்றும் இந்த மக்கள் பகிர்ந்துகொள்கிறார்கள்" என்றாள்.

அடுத்து ஒரு பஸ் நிறுத்தம். இளம் குருவாக இருந்தபோது ஆண்டகை அங்கே ஒரு பஸ்ஸைத் தவறவிட்டிருக்கிறார். அடுத்த பஸ் வரும்வரை உட்கார்ந்திருந்த பெஞ்சைக் கயிறு கட்டிக் காப்பாற்றியிருந்தார்கள். பஸ்ஸுக்கு நின்ற வயசாளிகள் கயிற்றைப் பிடித்துக்கொண்டு கால் மாற்றி நின்றார்கள். "தவறவிட்டது பஸ்ஸை, பற்றிக்கொண்டது பரமனை" என்றாள் குடைக்காரி. எல்லாரும் அதைத் திருப்பிச் சொன்னார்கள்.

பிறகு முடிதிருத்தும் கடை. கண்ணாடிப் பெட்டியில் ஊதாப் பட்டின்மேல் ஒரு கொத்து முடி இருந்தது. அண்ணனுக்கு முப்பது வயதிலேயே வழுக்கை. பெட்டியிலிருந்த முடி சுருள்சுருளாக, நல்ல கறுப்பாக, எண்ணெய்ப் பளபளப்போடு இருந்தது.

"இது அவரு முடியா?" என்று பல்லக்கா முடிதிருத்துபவரிடம் மெதுவாகக் கேட்டாள்.

"அவரு முடி விழுந்த அதே தரையில விழுந்த முடிம்மா" என்றார் அவர் பயபக்தியோடு. "வாராவாரம் மாத்தறோம். பழசானா நல்லா இருக்காது."

இதெல்லாம் அவளுக்குச் சிரிப்பாகத்தான் இருந்தது. கல்லறைத் தோட்டத்துக்கு வந்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

பளிங்கில் சின்னக் கல்லறை, அதன்மேல் பளிங்கில் ஓர் ஆட்டுக்குட்டி. சுற்றிலும் பொம்மைகள், மிட்டாய்கள், மெழுகுவர்த்திகள். ஓர் அம்மாள் தன் பையனுக்கு வெளிநாட்டு விசா கிடைக்க வேண்டும் என்று ஆட்டுக்குட்டியின் காதில் சொல்லிக்கொண்டிருந்தாள். பக்கத்திலிருந்தவள் அவளுக்கு விளக்கினாள்: "இந்தச் சின்னப் புள்ளகிட்ட கேட்டா சட்டுனு நடக்குது. ஆண்டகைகிட்ட கேட்டா இழுக்குது. அவரு பெரிய எடம், வேலை அதிகம்."

பல்லக்கா அதைக் காதில் வாங்கவில்லை. அது அவளுடைய அம்மாவைப் புதைத்த இடம். அம்மாவின் கல்லைத் தேடினாள். சீட்டுக் கிழிக்கும் கூண்டுக்குப் பின்னால், சுவரோரமாக, எழுத்து சுவரைப் பார்த்திருக்கும்படி அதைச் சாய்த்துவைத்திருந்தார்கள். அதன்மேல் துடைப்பம் காய்ந்துகொண்டிருந்தது.

"இதை ஏன் பேத்தீங்க?"

"குழந்தைக்கு எடம் பத்தலம்மா" என்றார் கூண்டுக்காரர். "அது யாரோ வயசான பொம்பளை."

பல்லக்கா தொப்பியைக் கழற்றி அவர் கையில் கொடுத்துவிட்டு, நேராக ஆணையத்துக்கு நடந்தாள்.

ஆணையத் தலைவர் ஒரு மொன்சிஞ்ஞோர், அதாவது மூத்த குருக்களுக்குத் தரும் அந்தப் பட்டத்தைப் பெற்றவர். வட்ட முகம், வழவழப்பான கைகள், வாசனை. அவருக்குப் பின்னால் சுவர் நிறைய ஆண்டகையின் படம். பக்கத்தில் ஆய்வாளர் என்று ஒருவர், ஒல்லியாக, எந்நேரமும் தும்மத் தயாராக இருப்பவர் போல உட்கார்ந்திருந்தார். பல்லக்கா சொன்னதையெல்லாம் மொன்சிஞ்ஞோர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். பிறகு கண்ணைத் திறந்து மிகவும் இரக்கத்தோடு பேசினார்.

"அம்மா, நீங்க உயிரோட இருக்கறதுல ஆணையத்துக்குத் தனிப்பட்ட முறையில எந்த வருத்தமும் இல்ல. அதை முதல்ல தெளிவுபடுத்திடறேன்."

"சரிங்க ஃபாதர். அப்ப எங்கம்மா கல்லை..."

"ஆனா ஆண்டகை இளம் குருவா இருந்தப்ப ஒரு ஞாயித்துக்கெழமைப் பிரசங்கத்துல, 'எனக்கு ஒரு தங்கை இருந்தாள், செத்துப்போனாள்'னு சொல்லியிருக்கார். கோயிலே அழுதிருக்கு. அன்னிக்கு அழுதவங்க பல பேர் இன்னும் இருக்காங்க."

"நானும்தான் அன்னிக்குக் கோயில்ல இருந்தேன். கடைசி வரிசையில." பல்லக்காவின் குரல் கொஞ்சம் இறங்கியது. "அதுக்கு மொத வாரம்தான் நான் பஸ் டிரைவரைப் பதிவுத் திருமணம் பண்ணிக்கிட்டேன். அவரு எந்த மதமும் இல்லாதவரு. பிரேக்கைத் தவிர வேற எதையும் நம்பாதவரு. அந்தக் கோவத்துல அண்ணன் சொன்ன வார்த்தை அது."

"கோவமா?" மொன்சிஞ்ஞோர் சிலுவை அடையாளம் போட்டுக்கொண்டார். "புனிதர்களுக்குக் கோவம் வராதும்மா. பொய்யும் வராது. அவர் செத்துட்டாள்னு சொன்னா செத்துட்டாள்தான். யோசிச்சுப் பாருங்க. நீங்க உயிரோட இருந்தீங்கன்னா அவர் சொன்னது பொய். பொய்ன்னா புனிதர் பட்டம் இல்ல. பட்டம் இல்லன்னா பாதை இல்ல. பாதை இல்லன்னா பஸ் எதுக்கு? வாங்கியாச்சேம்மா. கம்பெனிக்காரன் திருப்பி எடுத்துக்க மாட்டேங்கறான்."

"நாலு வயசுன்னு எப்படி வந்துச்சு?"

இதற்கு ஆய்வாளர் பதில் சொன்னார். "உங்க படம் ஒண்ணே ஒண்ணுதான் கெடைச்சது. அதுல நாலு வயசு. அதுக்கப்புறம் படம் இல்ல. படம் இல்லன்னா ஆள் இல்ல. இது ஆய்வு நெறிமுறை."

"அதுக்கப்புறம் என்னை யாரும் படம் எடுக்கலீங்க."

"ஆதாரம் இல்லாத வாழ்க்கையை நாங்க எப்படிம்மா ஏத்துக்கறது?" என்று கேட்டுவிட்டு ஆய்வாளர் கடைசியில் தும்மியேவிட்டார்.

மொன்சிஞ்ஞோர் எழுந்து வந்து பல்லக்காவின் தலைமேல் கை வைத்தார். "நீங்க இருக்கற வீடு உங்கப்பா காலத்துல மறைமாவட்டம் உங்க குடும்பத்துக்கு விட்ட வீடு. ஆண்டகையின் தங்கைங்கற முறையில இனி அங்க குடியிருக்க முடியாது, அவங்க காலமாயிட்டாங்க. ஆனா பராமரிப்புப் பெண்மணிங்கற முறையில தாராளமா இருக்கலாம். அம்மா கல் விஷயம், பட்டம் கெடைச்சதும் ஒரு குழு போட்டுப் பாக்கலாம். அதுவரைக்கும் உங்களுக்காக ஜெபிக்கிறேன்." வாசல்வரை கொண்டுவந்து விட்டவர், ஏதோ ஞாபகம் வந்தவராக, "உங்க ஆத்துமாவுக்காகவும்" என்றார்.

வீட்டுக்கு வந்தால் முன்னறையில் வெள்ளைத் தாடியோடு ஒரு கிழவர் உட்கார்ந்திருந்தார். பல்லக்கா பயந்துபோனாள். கிழவர் தாடியை இறக்கிக் கொஞ்சம் மூச்சு வாங்கிக்கொண்டார்.

"நான்தாம்மா. வேலை குடுத்திருக்காங்க. ஆண்டகையோட அப்பா வேஷம்."

"நீங்க எங்கப்பாவா?"

"சும்மா உக்காந்திருக்கற வேலைதானே. பஸ்லயும் உக்காந்துதானே இருந்தேன். நான் மாட்டேன்னு சொன்னா வீட்டையே காலி பண்ணணுமாம். வேற எங்க போறது, சொல்லு."

பல்லக்கா சமையலறைக்குப் போய் உலை வைத்தாள்.

அடுத்த நாளிலிருந்து வீடு பழைய காலத்துக்குத் திருப்பப்பட்டது. மின்விசிறி போயிற்று. கேஸ் அடுப்பைத் துணி போட்டு மூடினார்கள். பல் தேய்க்கும் மெஷின் சத்தம் துக்கத்துக்கு இடைஞ்சல் என்று அதைக் கழிவறையில் வைத்துப் பூட்டினார்கள். கூட்டம் இல்லாத நேரத்தில் கழிவறைக் கதவைத் திறந்துவைத்துக்கொண்டு பல்லக்கா ஊராரின் பற்களைத் தேய்த்தாள். டாக்டர்கள் போன்மேல் போன் போட்டார்கள். பொக்கைவாயோடு கல்யாணத்துக்குப் போக முடியாமல் எத்தனையோ பேர் காத்துக்கிடந்தார்கள்.

டிரைவர் மட்டும் தன் வேலையில் மெருகேறிக்கொண்டே போனார். மகள் சாகும்போது முதலில் சும்மா தலையைக் குனிந்துகொண்டிருந்தவர், பிறகு பெருமூச்சு விட ஆரம்பித்தார், அதற்கும் பிறகு நெஞ்சில் அடித்துக்கொள்ள ஆரம்பித்தார். கூட்டம் கைதட்டியது. சாப்பிட உட்காரும்போதுகூட, "மகளே, கொஞ்சம் உப்பு" என்றார்.

"தாடியக் கழட்டிட்டுச் சாப்பிடுங்க" என்றாள் பல்லக்கா.

சாகிற மகளாக ஒரு பொம்மையைக் கட்டிலில் கிடத்தியிருந்தார்கள். ரோஜாக் கன்னம், கண்ணாடிக் கண். உள்ளே ஒரு மோட்டார். அது ஓடும்போது பொம்மையின் நெஞ்சு ஏறி இறங்கும். குடைக்காரி "உயிர் பிரிந்தது" என்று சொல்லும்போது கட்டிலுக்கடியில் ஒரு பொத்தானை மிதிப்பாள், நெஞ்சு நின்றுவிடும். பஸ்ஸுக்கு ஒரு தடவை பொம்மை செத்தது. தாயாக அழுவதற்கு நாடகக் கம்பெனியிலிருந்து ஒரு நடிகையைப் போட்டிருந்தார்கள். பல்லக்கா சமையலறையில் நின்று, தான் சாவதற்காகத் தன் அப்பாவாகிய கணவர் கதறுவதைத் தினமும் கேட்டுக்கொண்டு கறி நறுக்கினாள். அண்ணன் அன்றைக்குச் சொன்ன அந்த ஒரு வார்த்தை முப்பது வருடமாக உள்ளே எங்கோ ஆறிக் கிடந்தது. இப்போது மைக் வைத்துச் சொல்கிறார்கள். அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

புனிதர் பட்ட விசாரணைக்காக மேலிடத்திலிருந்து, பேராயர்களுக்கும் மேலே உள்ள ஒரு கர்தினால் வரப்போவதாகச் செய்தி வந்தது. ஆணையம் தலைகால் புரியாமல் ஓடியது. அவர் வரும் அன்று காலையில் பார்த்து, தாய் வேஷக்காரிக்குச் சோப்பு விளம்பரத்தில் வாய்ப்பு வந்துவிட்டது என்று அவள் போய்விட்டாள். மொன்சிஞ்ஞோரே சமையலறைக்கு வந்தார்.

"அம்மா, ஒரு உதவி. நீங்க தாயா உக்காந்து கொஞ்சம் அழணும்."

"யாருக்காக?"

"குழந்தைக்காக."

"எனக்காக நானே அழணுமா ஃபாதர்?"

"அப்படிப் பாக்காதீங்க. உங்களுக்குத்தான் அந்தக் குடும்பத்து ஜாடை இருக்கு. அசப்புல ஆண்டகையோட தங்கை மாதிரியே இருக்கீங்க."

வீட்டை நினைத்துக்கொண்டு பல்லக்கா ஒத்துக்கொண்டாள். கறுப்புத் துணியைத் தலையில் போட்டுக் கட்டிலோரம் உட்கார வைத்தார்கள். எதிரில் தாடியோடு டிரைவர். கர்தினால் வந்தார். ரொம்ப வயதானவர். கால்வலி அவருக்கு. வந்ததும் நாற்காலி கேட்டு உட்கார்ந்து ஒரு செருப்பைக் கழற்றிக்கொண்டார். அற்புதங்களைச் சோதித்துப் பார்க்கும் இரண்டு டாக்டர்கள், ஒரு செயலாளர், மொன்சிஞ்ஞோர், ஆய்வாளர் எல்லாரும் பின்னால் நின்றார்கள்.

குடைக்காரி வழக்கத்தைவிட உருக்கமாகப் பேசினாள். கடைசியில் குரல் தழுதழுக்க, "உயிர் பிரிந்தது" என்று பொத்தானை மிதித்தாள்.

பொம்மையின் நெஞ்சு ஏறி இறங்கிக்கொண்டிருந்தது.

"இதோ, உயிர் பிரிந்தே விட்டது" என்று மறுபடி மிதித்தாள். பொம்மை இன்னும் வேகமாக மூச்சு வாங்கியது. மொன்சிஞ்ஞோரின் நெற்றி வியர்த்தது. ஆய்வாளர் குனிந்து கட்டிலுக்கடியில் கைவிட்டார், ஷாக் அடித்து எடுத்துக்கொண்டார்.

கர்தினால் முன்னால் சாய்ந்து பார்த்தார். "குழந்தை பிழைச்சுக்கும்போல இருக்கே" என்றார்.

அந்த ஒரு வார்த்தை போதுமாயிருந்தது. இத்தனை நாள் நெஞ்சில் அடித்துக்கொண்டு ஊறிப்போயிருந்த டிரைவர் துள்ளி எழுந்தார். "பிழைச்சுட்டா ஐயா! அவ சாகவே இல்ல! இதோ உக்காந்திருக்கா பாருங்க! என் பொண்டாட்டி!"

தகப்பன் மகளைப் பெண்டாட்டி என்றதும் செயலாளர் காதைப் பொத்திக்கொண்டார். டாக்டர்கள் சிலுவை போட்டுக்கொண்டார்கள். டிரைவர் அவசரமாகத் தாடியைப் பிய்த்து எறிந்தார். "நான் அப்பா இல்லீங்க, பஸ் டிரைவர். இவதான் ஆண்டகையோட தங்கச்சி. சொந்தத் தங்கச்சி. அவ கல்லு மாதிரி இருக்கா!"

அறையில் மோட்டார் சத்தம் மட்டும் கேட்டது. பல்லக்கா தலைத்துணியை எடுத்தாள். இனி வீடு இல்லை என்று நினைத்தாள். நிம்மதியாகக்கூட இருந்தது.

அப்போது மொன்சிஞ்ஞோர் தொப்பென்று முழங்காலில் விழுந்தார்.

"அற்புதம்!" என்று அலறினார். "ஆண்டகை 'செத்துப்போனாள்' என்றார். அவர் பொய் சொல்லமாட்டார். ஆக இவர் செத்தார். இதோ உயிரோடு இருக்கிறார். ஆக உயிர்த்தார்! அண்ணனின் ஜெபத்தால் எழுந்தார்! பட்டத்துக்காக இவ்வளவு நாள் நாம் தேடிய அற்புதம் நம் சமையலறையிலேயே இருந்திருக்கிறது!"

"ஆய்வு நெறிமுறைப்படி அது சரிதான்" என்றார் ஆய்வாளர், விரலை ஊதிக்கொண்டே.

மறுநாளே தெருவில் எல்லாம் மாறிவிட்டது. பொம்மையை எடுத்துக்கொண்டு போனார்கள். எதிர்வீட்டுக் கடைக்காரர் பொம்மைகளை உள்ளே போட்டுவிட்டு, பல்லக்காவின் முகம் போட்ட கோப்பைகளை வெளியே எடுத்துவைத்தார். "நான் அன்னிக்கே சொன்னேனேக்கா, உங்களுக்குச் சாவே இல்லன்னு" என்றார். ஊதாத் தொப்பிகள் ஜன்னலில் முகத்தை ஒட்டிக்கொண்டு, செத்துப் பிழைத்தவள் சோறு தின்பதைப் பார்த்தார்கள். மொன்சிஞ்ஞோர் பழக்கூடையோடு வந்தார். விசாரணைக் குழுவின் முன்னால் பல்லக்கா சாட்சி சொல்ல வேண்டும். சொல்லிவிட்டால் வீடு ஆயுசுக்கும் அவளுக்கு. அம்மாவின் கல்லைப் பளிங்கிலேயே புதிதாகச் செய்து, ஆட்டுக்குட்டிக்குப் பக்கத்தில் நிறுத்தித் தருவார்கள்.

"நான் என்ன சொல்லணும்?"

"ஒண்ணும் பெருசா இல்ல. செத்தேன், அண்ணன் கூப்பிட்டார், எழுந்தேன். மூணே வாக்கியம்."

விசாரணை, பாதை ஆணையக் கட்டடத்தின் பெரிய அறையில் நடந்தது. கர்தினால் நடுவில் உட்கார்ந்து காலை ஒரு முக்காலிமேல் நீட்டியிருந்தார். டாக்டர்களில் ஒருவர் கேள்வி கேட்டார்.

"நீங்க இறந்தபோது குளிரா இருந்துச்சா, சூடா இருந்துச்சா?"

"ஞாபகம் இல்லீங்க."

"வெளிச்சம் ஏதாவது?"

"கோயில்ல லைட் போட்டிருந்தாங்க."

"கோயிலா? கோயில்லயா இறந்தீங்க?" டாக்டர் பேனாவை எடுத்துக்கொண்டார். மொன்சிஞ்ஞோர் உற்சாகமாகத் தலையாட்டினார்.

பல்லக்கா கதவோரம் நின்றிருந்த டிரைவரைப் பார்த்தாள். அவர் சட்டைக் காலரை இழுத்துவிட்டுக்கொண்டு நின்றார். கல்யாணத்தன்று பதிவு அலுவலகத்திலும் அவர் அப்படித்தான் நின்றார். அவள் கர்தினாலைப் பார்த்துத் திரும்பினாள்.

"நான் சாகலீங்க. கல்யாணம் பண்ணிக்கிட்டேன். அண்ணனுக்குப் பிடிக்கல. சின்ன வயசு, புதுசாப் பூசை வெக்க ஆரம்பிச்ச நேரம், ரோஷம். பிரசங்கத்துல செத்துட்டான்னு சொல்லிட்டாரு. அப்புறம் அதைத் திருப்பி எடுத்துக்க அவருக்குத் தைரியம் இல்ல. அவ்வளவுதான் நடந்தது. அற்புதமும் இல்ல, ஒண்ணும் இல்ல."

மொன்சிஞ்ஞோர் எழுந்தார். கர்தினால் கையைக் காட்டி அவரை உட்காரவைத்தார்.

"அதுக்கப்புறம் அவர் உங்களைப் பாக்க வந்ததே இல்லையா?" என்று கேட்டார்.

இதைப் பல்லக்கா டிரைவரைத் தவிர யாரிடமும் சொன்னதில்லை.

"ஒரே ஒரு தடவை வந்தாரு. கடைசி வருஷம். சாதாரணச் சட்டை போட்டுக்கிட்டு, பின்பக்கமா. பல்லெல்லாம் போயிடுச்சு, டாக்டர்கிட்ட போனா ஊருக்கே தெரிஞ்சிடும்னு நெனைச்சாரோ என்னவோ. நிலைப்படியில நின்னுக்கிட்டு வாயத் தொறந்து காட்டினாரு. நான் ஒண்ணும் கேக்கல. உக்கார வெச்சேன். அச்செடுக்கற மாவு கரைச்சு, தட்டுல போட்டு, வாய்க்குள்ள வெச்சு அழுத்திப் பிடிச்சேன். அது இறுகற வரைக்கும் அசையக் கூடாது, பேசக் கூடாது. அப்பப் பாத்து அவரு ஏதோ சொல்ல வந்தாரு. வாய் நெறைய மாவு. ம்... ம்...னு சத்தம்தான் வந்துச்சு. என் கையைப் பிடிச்சுக்கிட்டாரு. கண்ணுல தண்ணி வந்துச்சு. குமட்டினாலும் வரும், எல்லாருக்கும் வரும். அதனால அது எதுக்கு வந்த தண்ணின்னு எனக்குத் தெரியாது. மாவு இறுகினதும் எடுத்தேன். வாயக் கொப்புளிச்சிட்டு, கொஞ்ச நேரம் நின்னுட்டு, போயிட்டாரு. பல் செட்டை முடிச்சு அனுப்பிவெச்சேன். போட்டுக்கிட்டாரு. பேப்பர்ல போட்ட படத்துல சிரிச்சாரு பாருங்க, அது நான் செஞ்ச பல்லு."

சொல்லி முடித்ததும் அவளுக்கு மூச்சு வாங்கியது. கதவோரம் டிரைவர் மூக்கைத் துடைத்துக்கொண்டார். கர்தினால் நீட்டியிருந்த காலை மெதுவாகக் கீழே இறக்கி வைத்தார். அவர் ஏதோ சொல்ல வாயெடுத்தார்.

அதற்குள் மொன்சிஞ்ஞோர் எழுந்துவிட்டார். அவர் கண் மின்னியது. "அந்தப் பல் செட்! இப்ப எங்க இருக்கு?"

"அவரோட சேத்துத்தானே பொதைச்சீங்க."

"எழுதிக்கோங்க" என்றார் ஆய்வாளரிடம். "கல்லறையைத் திறக்க அனுமதி." பிறகு பல்லக்காவின் பக்கம் வந்து, மிக அடக்கமான குரலில் கேட்டார்: "அம்மா, ஒரே ஒரு விவரம். ஆண்டகை பிடிச்சது எந்தக் கையை? வலதா, இடதா?"

பல்லக்காவுக்கு முதலில் புரியவில்லை. பிறகு அவர் பார்வை தன் கைகளை அளவெடுப்பதைக் கவனித்தாள். பக்கத்தில் ஆய்வாளரும் தலையைச் சாய்த்து அதையேதான் பார்த்துக்கொண்டிருந்தார், ஒரு பெட்டி எவ்வளவு நீளம் வேண்டும் என்பது போல.

"இப்ப ஒண்ணும் அவசரம் இல்ல" என்றார் மொன்சிஞ்ஞோர், அவள் முகத்தைப் பார்த்து. "உங்க காலத்துக்கப்புறம்தான் அந்தக் கையை எடுத்துப் புனிதப் பொருளா பெட்டியில வெப்போம். ஒரு கையெழுத்துப் போட்டுக் குடுத்தாப் போதும். இன்னொரு கையால போடலாம்."

"ரெண்டும் எனக்கு வேணும் ஃபாதர்" என்றாள் பல்லக்கா. "வேலை இருக்கு."

அவள் வெளியே நடந்தாள். டிரைவர் பின்னாலேயே வந்தார். இருவரும் கல்லறைத் தோட்டத்துக்குப் போனார்கள். கூண்டுக்காரர் சீட்டுக் கேட்டார், அவர்கள் நிற்கவில்லை. சுவரோரம் இருந்த கல்லைத் திருப்பி, துடைப்பத்தை எடுத்துப் போட்டுவிட்டு, ஆளுக்கு ஒரு பக்கம் பிடித்தார்கள். கல் கனத்தது. டிரைவர் நடுவில் ஒருமுறை இறக்கி வைத்து இடுப்பைப் பிடித்துக்கொண்டார். அவள் காத்திருந்தாள், பிறகு மறுபடி பிடித்தார்கள். பளிங்கு ஆட்டுக்குட்டியைக் காலால் கொஞ்சம் தள்ளிவிட்டு, அம்மாவின் கல்லை அதன் பழைய இடத்தில் நட்டார்கள். ஆடுகிறதா என்று பல்லக்கா இரண்டு கையாலும் அழுத்திப் பார்த்தாள். ஆடவில்லை. புடவைத் தலைப்பால் எழுத்துகளில் இருந்த மண்ணைத் துடைத்தாள். அம்மாவின் பெயருக்குக் கீழே, பிள்ளைகள் என்று, அண்ணன் பெயரும் அவள் பெயரும் அடுத்தடுத்து இருந்தன.